நைனா போன வாரத்தில் பார்த்த பட்டணங்கள்

1

அப்பன் செத்த வாரத்தில் மகள் மோட்டார் காரில் ஊர் சுற்றிப் பார்க்கப் போனாள் என்று ராயபுரத்தில் ஒரு பேச்சு இருப்பதாகத் தெரிகிறது. பேச்சு பொய்யில்லை. போனேன். ஏழு வயது மகளையும் கூட்டிக்கொண்டு, போலந்து தேசத்துக் கடற்கரையில் அடுத்தடுத்து இருக்கும் மூன்று பட்டணங்களை ஒரே நாளில், தனிக் காரில், வழிகாட்டி ஒருத்தி கூட வந்து விளக்கம் சொல்லச் சொல்லப் பார்த்தேன். இரண்டு பட்டணம் என்று சொல்வதுதான் சரி. மூன்றாவதை அவர்கள் காட்ட நினைத்தபடி நான் பார்க்கவில்லை.

நைனா இறந்து இந்த மாதத்தோடு ஒரு வருஷம் முடிகிறது. நான் குடியிருக்கும் ஹல் என்கிற இந்த இங்கிலாந்துத் துறைமுக ஊரில், போன ஞாயிற்றுக்கிழமை மாதாகோயிலில் அவருக்காக ஒரு பூசை வைத்தேன். சாமியார் ஐரிஷ்காரர், நல்ல மனுஷர். அந்தோணிமுத்து என்ற பெயரை முதல் நாளே என்னிடம் சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டார். பூசையில் 'ஆன்டனி மூட்டூ' என்று வாசித்தார். கோயிலில் ஒரு தலையும் திரும்பவில்லை. யாருடைய ஆன்டனியோ. பூசை முடிந்ததும் வழக்கம்போல வாசலில் நின்று மழையைப் பற்றிப் பேசிக்கொண்டார்கள். நானும் பேசினேன். வீட்டுக்கு வந்து மேல்கோட்டைக் கழற்றி மாட்டும்போதுதான், அந்தப் பயணத்தைப் பற்றி எழுதி ஊருக்கு அனுப்பலாம் என்று தோன்றியது. எனக்காகப் பேச வேண்டும் என்பதற்காக இல்லை. அன்றைக்கு நடந்ததை நைனாவின் தெருக்காரர்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

2

தந்தி வந்தது ஒரு வியாழக்கிழமை. தம்பி சூசை கொடுத்திருந்தான். நைனா காலமானார், அடக்கம் முடிந்தது. அவ்வளவுதான் வாசகம். நான் ஆஸ்பத்திரியிலிருந்து அப்போதுதான் வந்து நர்ஸ் தொப்பியின் ஊசிகளை எடுத்துக்கொண்டிருந்தேன். படித்துவிட்டு, தந்தியை மடித்து அலமாரியில் வைத்துவிட்டு, உருளைக்கிழங்கை அடுப்பில் ஏற்றினேன். வெந்துவிட்டதா என்று குத்திப் பார்த்தது நினைவிருக்கிறது. வேறு எதுவும் நினைவில்லை.

மகள் தெரேசா பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் சொன்னேன். அவளுக்குத் தமிழ் தெரியாது. தகப்பனுடைய பாஷையும் தெரியாது. இந்த ஊர்த் தெருப் பிள்ளைகள் பேசும் ஆங்கிலம்தான். "நாம பார்க்காத தாத்தாவா?" என்று கேட்டாள். ஆமாம், பார்க்காத தாத்தா என்றேன். பிறகு கயிறு தாண்டி விளையாடலாமா என்று கேட்டாள். போய் விளையாடு என்றேன்.

மறுநாள் வார்டில் தலைமை நர்ஸ் என் கையைப் பிடித்துக்கொண்டு, தகப்பனாரைத் தொலைத்துவிட்டாயாமே, வருத்தமாக இருக்கிறது என்றாள். ஆங்கிலத்தில் அப்படித்தான் சொல்வார்கள். நான் இந்த நாட்டுக்கு வந்த புதிதில் ஒரு கிழவி, போன குளிர்காலத்தில் புருஷனைத் தொலைத்துவிட்டேன் என்றபோது, கடைசியாக எந்த இடத்தில் பார்த்தீர்கள் என்று அக்கறையாகக் கேட்டேன். வார்டே சிரித்தது. கிழவியும் சிரித்தாள். பத்து வருஷத்தில் அந்தச் சொல் எனக்குப் பழகிவிட்டது. ஆனால் அந்த வெள்ளிக்கிழமை மறுபடியும் அது தமிழாகவே காதில் விழுந்தது. ஆமாம் என்று சொல்லிவிட்டுப் படுக்கை விரிப்பு மாற்றப் போனேன்.

துக்கம் கேட்க ஒருவரும் வீட்டுக்கு வரவில்லை. குறையாகச் சொல்லவில்லை. இங்கே அந்த வழக்கம் கிடையாது. துக்கப்படுகிறவர்களைத் தொந்தரவு செய்யாமல் தனியாக விடுவதுதான் இவர்களுக்கு மரியாதை. பக்கத்து வீட்டு அம்மாள் லில்லிப் பூ அச்சடித்த ஓர் அட்டையைக் கதவுக்கடியில் செருகிவிட்டுச் சத்தமில்லாமல் போயிருந்தாள்.

சனிக்கிழமை எனக்கும் மகளுக்கும் போலந்துக்குக் கப்பல். பல மாதங்களுக்கு முன்பே ஏற்பாடு செய்தது. போகாமல் நிறுத்திவிடலாமா என்று என் கணவர் கேட்டார். நிறுத்தி என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை. ராயபுரம் போய்ச் சேர மூன்று வாரம் ஆகும். அங்கே நைனா மண்ணுக்குள் போயாகிவிட்டது. போகிறேன் என்றேன்.

3

என் கணவர் யான் போலந்துக்காரர். உலகச் சண்டையின்போது அவர்கள் நாட்டுக் கப்பலில் வேலை செய்து, இங்கிலாந்துப் பக்கம் வந்து, சண்டை முடிந்த பிறகு திரும்பிப் போக முடியாமல் போன ஆயிரக்கணக்கான பேரில் ஒருவர். திரும்பிப் போனால் என்ன நடக்கும் என்பது பற்றி அவருடைய தோழர்கள் ஆளுக்கொரு கதை சொல்வார்கள். எல்லாக் கதையும் சிறைச்சாலையில்தான் முடியும். ஹல் துறைமுகத்தில் சரக்கு இறக்கும் வேலை அவருக்கு. அவருடைய ஊரிலிருந்து வரும் கப்பல்களிலும் ஏறி இறக்குவார். கப்பல் திரும்பிப் போகும்போது கரையில் நின்று பார்த்துவிட்டு வருவார். அன்றைக்கெல்லாம் வீட்டில் பேச்சு குறைவாக இருக்கும்.

அவரைக் கல்யாணம் செய்துகொள்ளப்போகிறேன் என்று நான் எழுதியபோது, அம்மா ஒரே ஒரு கேள்வி கேட்டு எழுதச் சொல்லியிருந்தாள்: மீன் தின்கிறவனா? யான் மீன்பிடிக்கிற குடும்பத்துப் பிள்ளை, வேதத்தில் நம்மைப் போலவே கத்தோலிக்கர் என்று பதில் போட்டேன். அம்மாவுக்கு அது போதும். நைனாவுக்குப் போதவில்லை. அதற்கு முன்னால் சூசை எழுதும் ஒவ்வொரு கடிதத்திலும் கடைசியில், நைனா விசாரித்ததாகச் சொல்லச் சொன்னார் என்று ஒரு வரி இருக்கும். கல்யாணத்துக்குப் பிறகு அந்த வரி நின்றுவிட்டது. அவர் கோபமாக எதுவும் சொல்லவில்லை. திட்டவில்லை. வரி நின்றுவிட்டது, அவ்வளவுதான். குழந்தை பிறந்தபோதும் வரவில்லை.

நைனா மதராஸ் துறைமுகத்தில் சரக்குப் படகுக்காரர். எங்கள் தெருவில் பாதிப் பேருக்கு அதே பிழைப்பு. நான் சீமைக்குக் கப்பலேறுவதற்கு முதல் நாள், வலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பீடி பிடித்துக்கொண்டே, "அங்க குளுரு ஜாஸ்தியாமே. காத மூடிக்கினு இரு" என்றார். அவர் என்னிடம் நேரில் சொன்ன கடைசிப் பேச்சு அது. அதில் ஒரு விசேஷமும் இல்லை.

யானுடைய தாயார் உயிரோடு இருந்தார். சண்டை தொடங்கிய வருஷத்துக்குப் பிறகு மகனைப் பார்க்கவில்லை. இப்போது போலந்தில் கெடுபிடி கொஞ்சம் தளர்ந்திருக்கிறது, வெளியாட்களை உள்ளே விடுகிறார்கள் என்று தெரிந்ததும், நீ போய்ப் பார்த்துவிட்டு வா என்றார் யான். எங்கள் ஒரு வீட்டில் மூன்று பேருக்கு மூன்று விதமான காகிதம். எனக்கு இந்தியப் பாஸ்போர்ட். மகளுக்கு ஆங்கிலேயப் பாஸ்போர்ட். அவருக்கு, எந்த நாட்டையும் சேராதவர் என்று சொல்லும் ஒரு தாள். லண்டனில் இருந்த போலந்து அலுவலகத்தில், உறவினரைப் பார்க்கப் போவதென்றால் அங்கிருந்து அழைப்பு வர வேண்டும், விசாரணை நடக்க வேண்டும், காலம் ஆகும் என்றார்கள். ஊர் பார்க்க என்றால் சுலபம். கப்பல் துறைமுகத்தில் நிற்கும்போது ஒரு நாள், அவர்களுடைய காரில், அவர்களுடைய வழிகாட்டியோடு, அவர்கள் குறித்த இடங்களைப் பார்த்துவிட்டுக் கப்பலுக்குத் திரும்பிவிட வேண்டும். ஊர் பார்க்க என்றே எழுதிக் கொடுத்தேன்.

4

க்தான்ஸ்க் பட்டணத்தில் கப்பல் நின்றது. கறுப்புக் கார் ஒன்று காத்திருந்தது. வழிகாட்டியின் பெயர் ஹலினா. என் வயதுதான் இருக்கும். சாம்பல் நிறக் கோட்டு, ஆண்பிள்ளைக் கடிகாரம். புத்தகத்தில் படித்த சுத்தமான ஆங்கிலம். ஊர் அவளுக்கு வார்ஸா. ஓட்டுநர் தடித்த கழுத்துள்ள ஒரு பெரியவர். வாயே திறக்கவில்லை.

முதலில் நீளமான ஒரு கடைத்தெருவுக்குக் கூட்டிப் போனாள். இரண்டு பக்கமும் ஒடுங்கி உயர்ந்த வீடுகள். ஒவ்வொன்றின் நெற்றியிலும் சிற்பம், பொன் பூச்சு. இது முந்நூறு வருஷத்து வீடு, இது நானூறு வருஷத்து வீடு என்று ஹலினா காட்டிக்கொண்டே வந்தாள். சில வீடுகளுக்கு இன்னும் வர்ணம் அடித்துக்கொண்டிருந்தார்கள். சண்டையில் ஊர் முழுக்கத் தரைமட்டமாகிவிட்டதாம். பழைய படங்களை வைத்துக்கொண்டு, இருந்தது இருந்தபடியே கட்டுகிறார்களாம். தெரேசா ஒரு சந்துக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, பின்னால் ஒன்றுமே இல்லை, செங்கல் குவியல்தான் என்றாள். பின்னால் இருப்பதையும் கட்டுவோம் என்றாள் ஹலினா. அவள் குரலில் கோபம் இல்லை.

எங்கள் பக்கத்தில் துறைமுகத்துக்குச் சுவர் கட்டியதிலிருந்து கடல் வடக்கே திரும்பி ராயபுரத்தைக் கடித்துக்கொண்டிருக்கிறது. ஒரு வரிசை வீடு போனால், அந்தத் தெருவின் பெயரை எடுத்துக்கொண்டு ஜனங்கள் கொஞ்சம் மேற்கே தள்ளிக் குடிசை போட்டுக்கொள்வார்கள். இருந்தது இருந்தபடியே யாரும் கட்டித் தரவில்லை. இதை ஹலினாவிடம் சொல்ல நினைத்தேன். வாயைத் திறப்பது பெரிய வேலையாக இருந்தது.

பெரிய செங்கல் மாதாகோயில் ஒன்றுக்குள் போனோம். கூரையில் பாதிக்குப் புது மரம். வெளியே வந்தபோது உள்ளே என்ன பார்த்தேன் என்று கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திருக்காது. அன்று காலை முழுவதும் அப்படித்தான். கண் பார்த்தது, கால் நடந்தது, எல்லாம் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நடந்தது. வார்டில் பல் பிடுங்க மரத்துப்போகும் ஊசி போட்டுக்கொண்டவர்கள் கன்னத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொள்வார்களே, அதுபோல நான் அவ்வப்போது நைனாவை நினைத்துப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை.

5

இரண்டாவது பட்டணம் ஸோபோட். பணக்காரர்கள் குளிக்க வரும் ஊராக இருந்ததாம். இப்போது தொழிலாளிகள் விடுமுறைக்கு வருகிறார்களாம். கடலுக்குள் வெகுதூரம் போகும் ஒரு மரப்பாலம் அங்கே உண்டு. அதன் மேல் நடந்தோம். தூறல். கடல் தகரத் தகடு மாதிரி அசையாமல் கிடந்தது. எங்கள் கடலைப் பார்த்த கண்ணுக்கு அது ஏரி. அலை எங்கே என்று நான் கேட்டேன். காலையிலிருந்து நான் கேட்ட முதல் கேள்வி அதுதான் என்று ஹலினா சொன்னாள். வருகிறவர்கள் எல்லோரும் ஏதாவது கேட்டபடி இருப்பார்களாம். நான் விளக்கம் பிடிக்காமல் இருக்கிறேனோ என்று அவளுக்குக் கவலை.

அப்போதுதான் சொன்னேன். என் கணவர் இந்தக் கரையைச் சேர்ந்தவர். க்டினியா பட்டணத்துத் துறைமுகத்துக்கு அப்பால் இருக்கும் மீனவர் குடியிருப்பில் அவருடைய தாயார் இருக்கிறார். என்னை அவர் அனுப்பியது அந்த அம்மாளைப் பார்த்துவிட்டு வரத்தான் என்றேன். நைனாவைப் பற்றிச் சொல்லவில்லை. ஹலினா உடனே தலையை ஆட்டினாள். முடியாது, பாதை ஏற்கெனவே அனுமதி வாங்கியது, குடியிருப்பு அதில் இல்லை, துறைமுகத்தை மேட்டில் நின்று காட்டிவிட்டுத் திரும்ப வேண்டும் என்றாள். சரி என்றேன். கெஞ்சியிருக்கலாம். அழுதிருந்தால் இன்னும் நல்லது. எதுவும் வரவில்லை. தெரேசாவுக்கு மூக்கைத் துடைத்துவிட்டுப் பாலத்தில் திரும்பி நடந்தேன்.

நான் கெஞ்சாததுதான் அவளை உறுத்தியிருக்க வேண்டும் என்று பிற்பாடு நினைத்துக்கொண்டேன். காரடிக்கு வந்ததும் அவளும் ஓட்டுநரும் தள்ளி நின்று பேசினார்கள். அவர் ஒரு வார்த்தை சொன்னார், அவள் நிறைய சொன்னாள், அவர் மறுபடி ஒரு வார்த்தை சொன்னார். கார் புறப்பட்டது. க்டினியாவைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனதும் ஓட்டுநர் வண்டியை ஒரு மண் சந்தின் முனையில் நிறுத்தி, என்ஜின் மூடியைத் தூக்கிவைத்துவிட்டுப் பக்கத்தில் நின்று சிகரெட் பற்றவைத்தார். ஹலினா என் பக்கம் திரும்பி, என்ஜின் சூடாகிவிட்டதாம், ஆற வேண்டுமாம், அதுவரைக்கும் நாம் சற்று நடக்கலாம் என்றாள். வெளியே குளிரில் எங்கள் மூச்சு புகைந்துகொண்டிருந்தது.

6

சந்துக்குள் நுழைந்ததும் மீன் வாடை. பின்னால் திரும்பிப் பார்க்காமலே கடல் எந்தப் பக்கம் என்று சொல்லக்கூடிய வாடை. வேலிகளில் வலை காய்ந்தது. யான் சொல்லி அனுப்பிய அடையாளம்: நீல ஜன்னல், வாசலில் பேரி மரம். மரத்தை வெட்டியிருந்தார்கள். ஜன்னல் இருந்தது.

மாமியார் பெயர் மார்த்தா. கதவைத் திறந்தவர் முதலில் என்னைப் பார்க்கவில்லை. தெரேசாவைப் பார்த்தார். அவள் முகத்தில் யானுடைய நெற்றியும் மூக்கும் அப்படியே இருக்கும், நிறம்தான் என்னுடையது. கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு குழந்தையின் முகத்தை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு ஏதோ சொன்னார். ஹலினா முகத்தைச் சுளித்துக்கொண்டு இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள். இந்தக் கடற்கரை ஆட்களுக்குத் தனிப் பேச்சு, சரியான போலிஷ் இல்லை, ஒரு மாதிரியான பாஷை, எனக்குப் பாதிதான் புரிகிறது என்று என்னிடம் தாழ்ந்த குரலில் சொன்னாள். அவள் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. ஆனால் அந்தக் குரல் எனக்குத் தெரியும். மதராஸில் நான் நர்ஸ் படிப்புக்குச் சேர்ந்தபோது, மயிலாப்பூர்ப் பக்கத்துப் பெண்கள் நான் வாயைத் திறந்தாலே அதே மாதிரி முகத்தைச் சுளிப்பார்கள்.

மாமியார் தட்டை மீன் ஆய்ந்துகொண்டிருந்தபோது நாங்கள் போயிருந்தோம். தொட்டியில் இன்னும் நாலைந்து கிடந்தன. என்னை உட்காரச் சொல்லிவிட்டு அடுப்பைத் தூண்டினார். எனக்குச் சும்மா உட்காரத் தெரியவில்லை. கோட்டைக் கழற்றிவிட்டுக் கத்தியை எடுத்து மிச்ச மீனை ஆய ஆரம்பித்தேன். அவர் தடுக்கவில்லை. பக்கத்தில் வந்து நின்று வேலையைப் பங்கு போட்டுக்கொண்டார். ஹலினா கதவோரம் கடிகாரத்தைப் பார்த்தபடி நின்றாள். மாமியார் கேட்பார், ஹலினா ஆங்கிலத்தில் சொல்வாள், நான் பதில் சொல்வேன். யானுக்கு முடி நரைத்துவிட்டதா? முன்பக்கம் மட்டும். குடிக்கிறானா? ஞாயிற்றுக்கிழமை மட்டும். பூசைக்குப் போகிறானா? போகிறார். கால் உடைந்ததே, மழை நாளில் வலிக்கிறதா? வலிக்கிறது. வார்டில் நோயாளியின் குறிப்பு சொல்வதுபோல எல்லாவற்றுக்கும் சொல்லிக்கொண்டு வந்தேன்.

பிறகு வழக்கமாக எல்லோரும் கேட்கிற கேள்விக்கு வந்தார். உன் அம்மா அப்பா சௌக்கியமா என்று கேட்கிறார் என்றாள் ஹலினா.

அம்மா சௌக்கியம் என்று ஆங்கிலத்தில் சொன்னேன். ஹலினா மிச்சத்துக்காகக் காத்திருந்தாள். ஆங்கிலத்தில் என்ன சொல்ல வேண்டும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். அந்த வாரத்தில் நாலைந்து பேரிடம் சொல்லியிருந்தேன். ஆனால் கை மீனில் இருந்தது, வாயில் வேறு பேச்சு வந்தது.

"நைனா பூட்டாரு" என்றேன்.

தந்தி வந்த நாளிலிருந்து அதை நம் பேச்சில் நான் சொல்லியிருக்கவில்லை. சொல்வதற்கு ஆள் ஏது?

என்ன சொன்னாய் என்று ஹலினா கேட்டாள். மாமியார் அதற்குள் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். என் முகத்தைப் பார்த்தார். ஈரக்கையைத் துணியில் துடைத்துக்கொண்டு ஹலினாவிடம் ஒரே ஒரு சொல் கேட்டார். எப்போது என்று கேட்கிறார் என்றாள் ஹலினா, எதைப் பற்றிக் கேட்கிறார் என்று தெரியாமலே. போன வாரம் என்றேன். ஹலினா அதை உடனே திருப்பிச் சொல்லவில்லை. போன வாரமா, போன வாரம் உன் அப்பாவா என்று என்னைப் பார்த்துக் கேட்டுவிட்டு, பிறகுதான் சொன்னாள்.

மாமியார் தலையில் துண்டைக்கூடப் போடாமல் வெளியே போனார். பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. பிறகு அதற்கடுத்த கதவு.

7

பெண்கள் வந்தார்கள். ஏழெட்டுப் பேர் இருக்கும். அடுப்படியிலிருந்து அப்படியே வந்தவர்கள், ஒருத்தி கையில் மாவு. ஒவ்வொருத்தியாக வந்து கையைப் பிடித்துவிட்டு, சுவரோரம் பலகையில் போய் உட்கார்ந்தார்கள். எனக்கு நடுவில் நாற்காலி போட்டார்கள். அந்தக் கரையில் யாராவது இறந்தால், எடுப்பதற்கு முதல் ராத்திரி அக்கம்பக்கத்தார் கூடிப் பாட்டுப் பாடுவது வழக்கமாம். நம் நைனாவைப் போன வாரமே எடுத்தாகிவிட்டது என்று ஹலினா சொல்லிப் பார்த்தாள். பரவாயில்லை, இந்தப் பெண்ணுக்கு யாரும் பாடவில்லை அல்லவா என்று மாமியார் சொன்னதாகச் சொன்னாள்.

முதலில் ஜெபமாலை. பாஷை புரியவில்லை. ஆனால் ஜெபமாலைக்கு ஒரு நடை உண்டு. அதைக் கேட்டே எந்த மணியில் இருக்கிறார்கள் என்று தெரிந்தது. அவர்கள் முதல் பாதி சொல்ல, இரண்டாம் பாதியை நான் தமிழில் சொன்னேன். இறந்தவர் பெயர் வரவேண்டிய இடத்தில் நிறுத்தி என்னைப் பார்த்தார்கள். அந்தோணி என்றேன். அவர்களிடமும் அந்தப் பெயர் இருக்கிறது. அந்தோனி, அந்தோனி என்று பலகை முழுக்க ஒரு சுற்று போயிற்று. பிறகு பாடினார்கள். மெதுவான, இழுத்துப் பாடும் பாட்டு. கடைசியில் எல்லோரும் ஒன்றாகத் தாழ்ந்து முடிப்பார்கள். தெரேசா என் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டாள். நான் அழவில்லை. அழுகிறேனா என்று அவர்களும் பார்க்கவில்லை.

பாட்டு நின்றதும் கிழவி ஒருத்தி ஏதோ கேட்டாள். எப்படிப்பட்டவர் என்று சொல், சொல்லித்தான் அனுப்ப வேண்டும் என்கிறாள் என்றாள் ஹலினா.

எனக்கு நினைவுக்கு வந்ததைச் சொன்னேன். சண்டைக் காலத்தில் ஜப்பான்காரன் குண்டு போடப்போகிறான் என்று மதராஸ் பட்டணமே காலியானது. எங்கள் தெருவில் எல்லோரும் மூட்டை கட்டிக்கொண்டு உள்நாட்டுக்குப் போனோம். நைனா மட்டும் வரவில்லை. படகை விட்டுவிட்டு வரமாட்டேன் என்றார். தெருவில் இருந்தவர்கள் ஆடு, கோழி எல்லாவற்றையும் அவரிடம் விட்டுவிட்டுப் போனார்கள். ஆளில்லாத தெருவில் ஒற்றை மனிதராக இருந்து, எல்லா வீட்டுக் கோழிக்கும் தீனி போட்டார். ஜனங்கள் திரும்பி வந்தபோது கோழிகள் பெருகித் தெருவெல்லாம் குஞ்சு. எந்தக் குஞ்சு யாருடையது என்று சண்டை வந்துவிட்டது. ஒரு மாதம் நடந்தது. ஜப்பான்காரன் வராத தெருவில் அப்படி ஒரு சண்டை. கடைசியில் நைனா, குஞ்சு எல்லாம் எனக்குப் பிறந்தது, ஒருத்தருக்கும் கிடையாது என்று சொல்லிவிட்டார்.

முதலில் சிரித்தது தெரேசா. மடியிலிருந்து குலுங்கியது. ஆங்கிலத்தில் நான் சொன்னதால் அவளுக்கு நேரடியாகப் புரிந்தது. அவளிடம் நான் அதுவரைக்கும் அவரைப் பற்றி ஒரு கதையும் சொன்னதில்லை. பிறகு ஹலினா சிரித்தாள். அவள் போலிஷில் சொல்ல, மாமியார் அதைத் தங்கள் பேச்சில் சொல்ல, கடைசியில் பலகை மொத்தமும் சிரித்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்கள். ஜெர்மன்காரர்கள் அவர்களையும் வீட்டைவிட்டுத் துரத்தியிருக்கிறார்கள். தங்கள் கோழிகளைப் பார்த்துக்கொள்ள அப்படி ஓர் ஆள் இல்லை என்று மாமியார் சொன்னார்.

வறுத்த தானியத்தில் போட்ட காப்பியும், சற்று முன் ஆய்ந்த மீனும் கொடுத்தார்கள். மறுபடி பாடத் தொடங்கியபோது கதவோரம் நின்றிருந்த ஹலினா வந்து பலகையின் ஓரத்தில் உட்கார்ந்தாள். ஒரு பாட்டில் அவளும் சேர்ந்துகொண்டாள். அவளுக்கு அது தெரிந்த பாட்டு போலிருக்கிறது.

கிளம்பும்போது மாமியார் என் கோட்டின் மேல் பொத்தான் வரை போட்டுவிட்டார். யானுக்கு என்ன சொல்ல வேண்டும் என்று கேட்கச் சொன்னேன். சொல்ல ஒன்றுமில்லை, இந்தக் குழந்தையைப் பார்த்துவிட்டேன் என்று சொல் என்றாராம்.

ஓட்டுநர் நனைந்துபோய், திறந்த என்ஜினுக்குப் பக்கத்திலேயே நின்றிருந்தார். எங்களைக் கண்டதும் மூடியை இறக்கினார். இருட்டத் தொடங்கியிருந்தது. துறைமுகத்தைக் காட்ட நேரமில்லை. மூன்றாவது பட்டணத்தையும் பார்த்ததாகத்தான் நான் எழுதிக் கொடுக்க வேண்டும், யாராவது கேட்டால் க்டினியாவின் துறைமுகம் மிகப் பெரியது என்று சொல்லிவிடுங்கள் என்றாள் ஹலினா. துறைமுகம் எனக்குத் தெரியும், அதற்குப் பக்கத்தில்தான் பிறந்தேன் என்றேன். கொஞ்ச தூரம் போன பிறகு, ஹலினா வெளியே பார்த்தபடி, வார்ஸாவில் என் அம்மாவுக்கும் யாரும் பாடவில்லை என்றாள். நான் அவள் கையைப் பிடித்திருக்கலாம். அன்றைக்கு எனக்கு அது தோன்றவில்லை. இப்போது தோன்றுகிறது.

8

ஹல்லுக்குத் திரும்பியதும் யான் ஆயிரம் கேள்வி கேட்டார். பேரி மரத்தை வெட்டிவிட்டார்கள் என்றதும் எழுந்து போய் ஜன்னலடியில் நின்றார். தெரேசா அவருக்குக் கோழிக் கதையைச் சொன்னாள். அவள் சொல்லும்போது கோழிகள் நான் சொன்னதைவிட அதிகமாகியிருந்தன. திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். எல்லாம் பழையபடி. அம்மாவுக்கு நடந்ததை எழுதிப் போட்டேன்.

இரண்டு மாதத்துக்கு முன்னால் சூசை வந்தான். அவன் கப்பலில் என்ஜின் அறை வேலைக்குச் சேர்ந்திருக்கிறான். கப்பல் லிவர்பூலுக்கு வந்தபோது லீவு கேட்டு, ரயிலேறி என்னைப் பார்க்க வந்துவிட்டான். பதினோரு வருஷத்துக்குப் பிறகு பார்க்கிறேன். நைனாவின் தோள். சோறும் மீன் குழம்பும் ஆக்கிப் போட்டேன். சாப்பிட்டு முடித்து அவன் கை கழுவிக்கொண்டு வந்ததும் கேட்டேன். நைனா கடைசியில் என்னைப் பற்றி ஏதாவது சொன்னாரா?

சூசை யோசித்தான். "பொய் சொல்ல மாட்டேன்க்கா" என்றான். "உன் பேர எடுக்கல. கடைசி ரெண்டு நாளு யார் பேரையும் எடுக்கல. தண்ணி கேட்டாரு, அவ்ளோதான்."

சரி என்றேன். அவன் சொன்னது எனக்கு ஆறுதலாக இருந்ததா, இல்லையா என்று இன்றைக்கும் தெரியாது. பொய் சொல்லாமல் இருந்தானே என்று மட்டும் நினைத்துக்கொண்டேன்.

"அம்மா ஒண்ணு கேட்டுகினு வரச் சொல்லிச்சு" என்றான் பிறகு. "அந்த ஊர்ல பொம்பளைங்க வந்து குந்திகினு நைனாவுக்குப் பாட்டு பாடுனாங்கன்னு எழுதியிருந்தியே. அவுங்களுக்கு டீத்தண்ணி எதுனா குடுத்தியான்னு கேட்டுச்சு. துக்கத்துக்கு வந்தவங்கள சும்மா அனுப்பக் கூடாதாம்."

கொடுக்கவில்லை, அது அவர்கள் வீடு, அவர்கள்தான் எனக்குக் காப்பி கொடுத்தார்கள் என்று சொன்னேன்.

"அப்ப இன்னும் குடுக்கல" என்றான்.

மறுநாள் காலையில் நானும் அவனும் கடைக்குப் போய்த் தேயிலை வாங்கினோம். அங்கே நல்ல தேயிலை கிடைப்பது அபூர்வம் என்று யான் சொல்லியிருக்கிறார். ஏழெட்டு வீட்டுக்கு வருகிற அளவு வாங்கினோம். சூசை கித்தான் துணியில் வைத்து, கப்பல்காரன் தையலில் இறுக்கித் தைத்தான். யான் மைத்தூரிகையை எடுத்துக்கொண்டு மேலே தன் தாயாரின் விலாசத்தை எழுதினார். அன்றைக்கு வந்து பாடிய எல்லோருக்கும் என்று அவர்கள் பாஷையில் அதற்குக் கீழே எழுதினார். அனுப்புகிறவர் என்ற இடத்தில் தூரிகையை நிறுத்தி, யார் பெயரைப் போடுவது என்று என்னைக் கேட்டார். நான் சூசையிடம் தமிழில் கேட்டேன்.

அவன் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டுச் சொன்னான்: "நைனா வூட்லேர்ந்துன்னு போடச் சொல்லுக்கா."